முன்னறையைக் கொண்டுபோன புயல்

ஐயா, நீர் ஆரென்று எனக்குத் தெரியாது. உம்முடைய முகத்தைக் கண்டதில்லை. பெயரும் நீர் சொன்னதில்லை. கைபேசியிலே குரல் மட்டும் வரும். "அன்பான உறவுகளே" என்று தொடங்கும். அந்த உறவுகளிலே ஒருவன்தான் நான். உம்மாலே கெட்ட உறவு. என்ரை முன்னறை போனதுக்கு முழுக் காரணமும் நீர்தான்.

நழுவப் பார்க்க வேண்டாம். புயல் வருகிறது என்று சொன்னது நீர். ஊர்காவற்றுறைக்கு மேலாலேதான் போகும் என்று சொன்னதும் நீர். "கூரைகளைக் கட்டுங்கள், வள்ளங்களை ஏற்றுங்கள்" என்று மூச்சு வாங்கச் சொன்னதும் நீர். கட்டினோம். ஏற்றினோம். பிறகு நீர் என்ன செய்தீர்? அதைத்தான் வாசிக்கிற சனத்துக்கு முன்னாலே வைக்கப் போகிறேன்.

நான் யாகப்பு. ஊர்காவற்றுறையிலே பழைய சாமான் வாங்கி விற்கிறவன். இடிக்கிற வீட்டுக் கதவு, யன்னல், கட்டில், அலுமாரி, வெளிநாட்டுக்குப் போன சனம் விட்டுப்போன எதுவும். பள்ளிக்கூடம் எனக்கு ஐந்தாம் வகுப்போடு சரி. மிச்சத்தை என்னை ஏமாற்றினவர்கள் படிப்பித்தார்கள். நல்ல வாத்திமார். ஆர் எதைக் கேட்டாலும் முதலில் "ஏலாது" என்று சொல்ல வேண்டும். பிறகு பாதியாக வெட்ட வேண்டும். பிறகு அந்தப் பாதியிலும் பாதி. பேச்சு முடிந்தால், உள்ளங்கையிலே உள்ளங்கை தட்டிக் கையடிக்க வேண்டும். கையடித்தால் மாறக்கூடாது. தீவு முழுக்க என் வியாபாரம் இந்த ஒரு கையிலேதான் நிற்கிறது. எழுத்தும் இல்லை, முத்திரையும் இல்லை. யாகப்பு கையடித்தால் சாமான் வண்டியில் ஏறும்.

ஏறின சாமான் வந்து இறங்கும் இடம் என் முன்னறை. வீதியைப் பார்த்த அறை. எங்கள் வீட்டிலே ஒழுகாத ஒரே அறை. தேக்கங்கதவுகள் சுவர் முழுக்கச் சாத்தியிருக்கும். மோட்டார் இல்லாத குளிர்ப்பெட்டிகள் ஒரு மூலை. நடுவிலே, கிளினிக்கை மூடிவிட்டுப் போன ஒரு பல் வைத்தியரின் சாய்கிற கதிரை. மத்தியானத்தில் நான் அதிலேதான் படுப்பேன். வாயைத் திறந்துகொண்டு. கதிரையின் பழக்கம் அது.

என் மனிசி அன்ரனிட்டா தையல்காரி. அவளுடைய மெஷின் இருந்தது குசினியில். ஒரு பக்கம் அடுப்பு, மறுபக்கம் மெஷின். ஒரு பிள்ளை கோவிலிலே முதல்நன்மை வாங்கத் தைத்த வெள்ளைச் சட்டையில் திருக்கைக் கறி மணக்கிறது என்று ஒரு தாய் திருப்பிக் கொண்டுவந்து கொடுத்தாள். பிள்ளை கோவிலுக்குள் நடந்துபோக, பின்னாலே பூனையும் போனதாம். அன்றைக்கு அன்ரனிட்டா அழுதாள். "முன்னறையிலை ஒரு மூலை தாங்கோ" என்று கேட்டாள். ஏலாது என்றேன். கலியாணம் முடித்த நாளிலிருந்து அவள் அதைக் கேட்கிறாள். கலியாணம் முடித்த நாளிலிருந்து நான் ஏலாது என்கிறேன். ஒற்றுமையான குடும்பம்.

இந்த ஒற்றுமைக்குள்ளேதான் நீர் புயலைக் கொண்டுவந்தீர்.

அன்று காலை ஊரைப் பார்த்திருக்க வேண்டும். கடல் கறுத்துப்போய்க் கிடந்தது. வள்ளங்களை வீதிவரைக்கும் இழுத்துவிட்டார்கள். எழுவைதீவுப் படகு ஓடாது என்று சொல்லிவிட்டார்கள். வாழைக்குலையோடு ஜெற்றிக்கு வந்த ஒரு மனிசன் முதலில் படகை ஏசினான், பிறகு கடலை ஏசினான், கடைசியில் வாழைக்குலையை ஏசினான். பேக்கரியில் பாண் முடிந்தது. பாண் கிடைக்காத சனம் பணிஸை மூட்டை மூட்டையாக வாங்கியது. கடைகளில் மெழுகுதிரி முடிந்தது. கேக்கிலே குத்துகிற சின்னத் திரியையும் விட்டுவைக்கவில்லை. முருங்கை மரம் வைத்திருந்தவர்கள் எல்லாரும் காற்று முறிக்க முன்னமே வெட்டி, எல்லாரும் எல்லாருக்கும் முருங்கைக்காய் கொடுத்தார்கள். ஆரும் வாங்கவில்லை.

எனக்குச் சந்தோசம். ஏன் மறைக்க வேண்டும்? என்னிடம் பழைய வாகன ரயர் மலைபோலக் கிடந்தது. "உந்த ரயரை வைச்சு என்ன செய்யப்போறாய் யாகப்பு?" என்று சிரிக்காத ஆள் இல்லை. தகரக் கூரைக்குப் பாரம் ஏற்ற ரயரை விட்டால் வேறு என்ன இருக்கிறது? சிரித்த வாயெல்லாம் அன்று "யாகப்பண்ணை" என்றது. மின்சாரம் நிற்க முதல் ஏறட்டும் என்று கைபேசியை வீட்டிலே சார்ஜில் போட்டுவிட்டு, சந்தியிலே ரயரை அடுக்கிக்கொண்டு நின்றேன். மத்தியானம் வரைக்கும் மூச்சுவிட நேரமில்லை. மத்தியானத்துக்குப் பிறகு ஒருவரும் வரவில்லை. எல்லாரும் வாங்கி முடித்துவிட்டார்கள் என்று நினைத்தேன்.

வீட்டுக்கு வந்தேன். பல் வைத்தியர் கதிரையில் றோசம்மா சாய்ந்திருந்தாள். கரையோரம் குடியிருக்கிறவள். கையிலே பிளேன்டீ. பக்கத்திலே அன்ரனிட்டா முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு.

"இஞ்சாருங்கோ," என்றாள் அன்ரனிட்டா. "றோசம்மா அக்கா வீட்டுக்காரர் எல்லாரும் இண்டைக்கு எங்கடை வீட்டிலைதான்."

"ஆர் சொன்னது?"

"நான்தான் சொன்னனான். தகரக் கொட்டிலுக்குள்ளை இருக்க ஏலுமோ? முன்னறையை ஒதுக்கிக் குடுங்கோ."

"எத்தினை பேர்?"

"எட்டுப் பேர் தம்பி," என்றாள் றோசம்மா, தேத்தண்ணியை உறிஞ்சிக்கொண்டு. "பிறகு ஆடும் குட்டியளும்."

"ஆடோ?"

"அதுகளும் சீவன்தானே. பிறகு வலை. பிறகு எஞ்சின். பிறகு என்ரை மாமி."

"எட்டுக்குள்ளை மாமி இல்லையோ?"

"மாமியை ஆரப்பா எட்டுக்குள்ளை அடக்கிறது? அவ தனி."

"எத்தினை நாளைக்கு?"

"கூரை போட்டு முடிய வேணுமெல்லோ," என்றாள் அன்ரனிட்டா. "நத்தார்ப் பெருநாள் வரைக்கும் வையுங்கோவன்."

நான் கத்தினேன். "ஏலாது! தேக்கங்கதவை ஆட்டுக்குப் பாயாய் விரிக்கச் சொல்லுறியோ? விசரோ உனக்கு?"

"அப்ப இந்தச் சீவனுகளை நனைய விடச் சொல்லுறியளோ? அந்தோனியார் பார்த்துக்கொண்டிருக்கிறார்." சுவரிலே படத்தைக் காட்டினாள். அவர் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். ஒரு பக்கமும் சேரவில்லை.

"நனைய விட நான் என்ன ராட்சதனோ? பள்ளிக்கூடத்தைத் திறந்து விட்டிருக்கினம். கொங்கிறீற் கூரை. நானே ஓட்டோ பிடிச்சு அனுப்புறன்."

"ஆடு?" என்றாள் றோசம்மா.

"ஆட்டுக்கும் சேர்த்து ஓட்டோ!"

"மாமி?"

"அவவுக்குத் தனி ஓட்டோ!"

றோசம்மா கண்ணைத் துடைத்தாள். தேத்தண்ணிக் கோப்பை வாயை மறைத்திருந்தது. சிரிக்கிறாளா அழுகிறாளா என்று அப்போது எனக்குத் தெரியவில்லை. இப்போது தெரியும்.

அன்ரனிட்டா நெடுமூச்சு விட்டாள். "அவையை விடுவம். அப்ப எனக்கு எண்டாலும் ஒண்டு செய்யுங்கோ. குசினி ஒழுகும். பள்ளிக்கூடச் சட்டைத் துணியெல்லாம் அங்கை. மெஷின் நனைஞ்சால் துருப்பிடிச்சுப் போகும். மெஷின், வெட்டுற மேசை, நிலைக்கண்ணாடி மூண்டையும் முன்னறையிலை வைக்க விடுங்கோ."

ஐயா, எட்டு மனிசரும் ஒரு மாமியும் ஆட்டுப்பட்டியும் கேட்டவள், மூன்று சாமானுக்கு இறங்கிவிட்டாள். விலை இப்படி விழுந்தால் எந்த வியாபாரியும் அந்த இடத்திலேயே கையடிப்பான். நான் அப்படிப்பட்டவனோ? இன்னும் வெட்டினேன். கோபம் வந்தால் நான் "நீ" போட்டுக் கதைக்கிறவன், பேரம் வந்தால் "நீர்" போட்டுக் கதைக்கிறவன்.

"மெஷின் மட்டும் வையும்."

"துணியை நிலத்திலையோ போடுறது? வெள்ளம் வந்தால்?"

"சரி, மேசையும். கண்ணாடி ஏலாது."

"ஐயோ, கண்ணாடி..."

"கண்ணாடி ஏலாது எண்டால் ஏலாது!"

"சரி," என்றாள். குரல் உள்ளே போய்விட்டது. எனக்கே பாவமாகப் போய்விட்டது. பாவம் பார்த்தால் வியாபாரம் நடக்காது. கடைசி ஆணியையும் அடித்தேன்.

"காலம் சொல்லாத பேச்சு பேச்சில்லை. எது வரைக்கும்?"

"நத்தார்..."

"நத்தாரும் இல்லை, பெருநாளும் இல்லை! புயல் கடந்து போகும் வரைக்கும். அதுக்குப் பிறகு ஒரு நிமிசமும் இல்லை."

"இந்தப் புயலோ?"

"இந்தப் புயல்தான்! வேறை புயல் வந்தால் வேறை கதை."

"கடந்திட்டுது எண்டு எப்பிடி எங்களுக்குத் தெரியும்?"

"போனிலை வாற அந்த மனிசன் தன்ரை வாயாலை 'கடந்து போயிட்டுது' எண்டு சொல்லுவான். சொன்ன உடனை மெஷின் குசினிக்குப் போக வேணும். சரியோ?"

"சரி," என்றாள் அன்ரனிட்டா. "றோசம்மா அக்கா, நீங்கள் சாட்சி. கையை நீட்டுங்கோ."

நீட்டினேன். அடித்தாள். கை சுளீரென்று எரிந்தது. அழுது தோற்றவளின் அடி மாதிரி இருக்கவில்லை. ஆனாலும் நான்தானே வென்றவன். வென்றவனுக்குக் கை எரிவது ஒரு பொருட்டோ?

றோசம்மா கதிரையிலிருந்து இறங்கினாள். "அப்ப வாறன் பிள்ளை. புளியங்கூடலிலை தங்கச்சி சோறு வைச்சுப்போட்டுப் பார்த்துக்கொண்டு நிக்கப்போறாள்."

"ஓட்டோ?" என்றேன்.

"மகன் ஓட்டோவோடை வெளியிலைதான் நிக்கிறான் தம்பி. நாங்கள் மத்தியானமே வெளிக்கிட்டிட்டம்."

நல்ல மனிசி, எனக்குச் செலவு வைக்காமல் போகிறாளே என்று நினைத்தேன். எனக்கு இப்படியும் ஒரு மூளை.

மெஷினுக்கும் மேசைக்கும் இடம் வேண்டுமே. கதவுகளை ஒவ்வொன்றாக வீட்டுக்குப் பின்னாலே தகரம் போட்ட பத்திக்குத் தூக்கினேன். வேறு ஆர் தூக்குவது? நான்தான். முதல் கதவைத் தலையில் வைத்து முற்றத்தில் இறங்கினேன். காற்று ஒன்று அடித்தது. கதவு பாயாக விரிந்தது. நான் பாய்மரமாக நின்றேன். அடுத்த கணம் இரண்டு பேரும் வேலிக்குப் போய்ச் சேர்ந்தோம். ஒரு காலத்திலே ஊர்காவற்றுறையிலிருந்து பாய்க்கப்பல் ஓடியதாம். நான் அன்றைக்குத் திரும்பவும் ஓட்டிக் காட்டினேன். கிணற்றடியில் நின்ற அன்ரனிட்டா, "பார்த்து, பார்த்து! கதவு பவுத்திரம்!" என்று கத்தினாள். கதவு பவுத்திரம். என்னைப் பத்திரமாக வரச் சொல்லவில்லை, கேட்டீரோ?

வெட்டுகிற மேசை நான் நினைத்ததைவிட நீளம். கதவெல்லாம் போயிற்று. குளிர்ப்பெட்டிகளும் போயின. கடைசியில் பல் வைத்தியரின் கதிரையும் பத்திக்குப் போயிற்று. கையடிக்க முதல் நான் மேசையை அளக்கவில்லை. இத்தனை வருசத் தொழிலில் அளக்காமல் கையடித்தது இதுதான் முதல் தரம்.

விடிந்தது. வெயில். கோழிகள் முற்றத்திலே செட்டையை விரித்துக் காய்ந்துகொண்டிருந்தன. கூரைகளிலே என் ரயர்கள் வட்டம் வட்டமாக உட்கார்ந்திருந்தன. ஒரு துளி மழையில்லை.

முன்னறையில் கடகடவென்று மெஷின் ஓடியது. வாசலிலே பலகை ஒன்று: "அன்ரனிட்டா தையலகம்." தொட்டுப் பார்த்தேன். பெயின்ற் நன்றாகக் காய்ந்திருந்தது.

"அன்ரனிட்டா! மெஷினைத் தூக்கும்!"

"ஏன்? புயல் கடந்து போயிட்டுதோ?"

"புயல் எங்கை வந்தது?"

"அதைத்தான் நானும் கேக்கிறன். வராதது எப்பிடிக் கடந்து போகும்?"

கைபேசியைப் பறித்தேன். உம்முடைய குரல் இருந்தது. "அன்பான உறவுகளே, ஒரு நல்ல செய்தி. புயல் எங்களை விட்டு விலகிவிட்டது. நடுக்கடலிலேயே வலுவிழந்து கலைந்துபோகும். நிம்மதியாக இருங்கள்." எப்போது வந்தது என்று பார்த்தேன். முதல் நாள் மத்தியானம். நான் சந்தியிலே, ஆருமே வாங்க வராத ரயருக்குக் காவல் நின்ற நேரம். ஊர் முழுக்கக் கேட்டிருக்கிறது. எனக்கு மட்டும் ஆரும் சொல்லவில்லை. ரயரைத் திருப்பி எடுக்கமாட்டேன் என்று தெரிந்தவர்கள், இவனோடு என்னத்துக்குக் கதை என்று விட்டிருப்பார்கள்.

"இதை நீ கேட்டனியோ?"

"ஓம். கேட்டனான்."

"கேட்டுப்போட்டோ கையடிச்சனி?"

"நீங்கள் கதவு விக்கேக்கை, உள்ளுக்குக் கறையான் இருக்கு எண்டு சொல்லிப்போட்டோ கையடிக்கிறனீங்கள்? வாங்கிறவன்தான் தட்டிப் பார்க்க வேணும் எண்டுவியள். போன் உங்கடை போன். தட்டிப் பார்த்திருக்கலாமே?"

மெஷினைத் தூக்கிக் குசினியிலே வைக்க எவ்வளவு நேரம்? வைத்திருப்பேன். ஆனால் சாட்சி றோசம்மா. அவள் வாயில் விழுந்த கதை, படகு இல்லாமலே எழுவைதீவுக்குப் போகும். அந்தக் கிழமைதான் இறுப்பிட்டியிலே ஒரு பெரிய கல்வீட்டு மரச்சாமான் முழுவதும் என் கைக்கு வர இருந்தது. வெளிநாட்டிலே இருக்கிற சொந்தக்காரர் ஒரே ஒரு சொல்லைத்தான் நம்பியிருந்தார்: யாகப்பு கையடித்தால் மாறமாட்டான். பெண்சாதிக்குக் கையடித்த பேச்சையே மாறினவன் என்று பெயர் வந்தால்? முன்னறையை அவளுக்கு விடுகிறதோ, தொழிலை இழக்கிறதோ என்று வந்துவிட்டது.

எங்கள் தொழிலிலே வழக்கு வந்தால், இரண்டு பக்கத்துக்கும் பொதுவான ஓர் ஆளைக் கேட்பது வழக்கம். நல்ல நேரத்துக்குப் புளியங்கூடல் அம்பலவாணர் படலையைத் திறந்துகொண்டு வந்தார். தோட்டக்காரர். நிதானமான மனிசன். ஒரு காலத்தில் என்னிடம் கதவு வாங்கினவர். கதையை ஒன்றும் விடாமல் சொன்னேன்.

"கையடிச்சனீரோ?" என்று கேட்டார்.

"ஓம் அண்ணை."

"புயல் கடக்கும் வரைக்கும் எண்டு சொன்னது ஆர்?"

"நான்தான்."

"கடந்ததோ?"

"வரவே இல்லையே அண்ணை!"

"அப்ப இன்னும் வரவேண்டிக் கிடக்கு. பொறுத்திரும்."

"அண்ணை, இது நியாயமோ?"

"நீர் வித்த கதவிலை கறையான் கண்டு நான் ஓடிவந்த அண்டைக்கும் இதைத்தான் கேட்டனான். கையடிச்ச பேச்சு எண்டு சொன்னனீர். நானும் பேசாமல் போனனான்." பிறகு என்னைத் தாண்டி, கக்கத்திலிருந்த பார்சலை நீட்டினார். "பிள்ளை அன்ரனிட்டா, என்ரை மனிசி சறோஜினிதேவியின்ரை சட்டைத் துணி. கலியாண வீட்டுக்குப் போட வேணுமாம். குசினி மணம் வராதெண்டால்தான் தரச் சொன்னவ."

"வராது ஐயா," என்றாள் அன்ரனிட்டா. இத்தனை வருசத்தில் அவள் முகம் அப்படி விரிந்ததை நான் கண்டதில்லை. கோபத்திலே நின்ற எனக்கே அது கொஞ்சம் வடிவாகத்தான் இருந்தது. அதை அவளுக்குச் சொல்லவில்லை. சொன்னால் அதுக்கும் கையடிக்கச் சொல்லுவாள்.

இப்போது எங்கள் வீட்டு நிலைமையைக் கேளும். முன்னறை அவளுக்கு. கண்ணாடி மட்டும் குசினியில். நான் பேசி வென்றது அல்லவோ, அதனாலே அவள் அதை அசைக்கமாட்டாள். உடுப்புப் போட்டுப் பார்க்க வருகிற பெண்டுகள் ஒவ்வொருவராகக் குசினிக்குள் வந்து, முன்னும் பின்னும் திரும்பி அழகு பார்க்கிறார்கள். "அண்ணை, ஒருக்கா அங்காலை இருங்கோ" என்கிறார்கள். சோற்றுக் கோப்பையைத் தூக்கிக்கொண்டு நான் முற்றத்துக்குப் போகிறேன்.

பிறகு ஒரு நாள் உண்மையிலேயே ஒரு புயல் வந்தது. ஊர் முழுக்க அது விலக வேண்டும் என்று மன்றாடியது. நான் ஒருவன்தான் அது வர வேண்டும் என்று மெழுகுதிரி கொளுத்தினேன். வந்தது. அடித்தது. பின் பத்தியின் தகரம் பறந்தது. கதவெல்லாம் தெப்பமாக நனைந்தது. பல் வைத்தியரின் கதிரையில் தண்ணீர் நின்றது. விடிய உம்முடைய குரலும் வந்தது: "புயல் கடந்து போய்விட்டது உறவுகளே." நான் இடுப்பிலே கட்டின நனைந்த சாரத்தோடு முன்னறைக்கு ஓடினேன்.

"அன்ரனிட்டா! கடந்திட்டுது! அந்த மனிசன் தன்ரை வாயாலையே சொல்லிப்போட்டான்! கேள்!"

அவள் ஊசியில் நூலைக் கோத்துக்கொண்டிருந்தாள். நிமிரவும் இல்லை.

"இது வேறை புயல். வேறை புயல் வந்தால் வேறை கதை எண்டு ஆர் சொன்னது?"

ஆகவே ஐயா, இது உம்மாலே வந்த வினை. நீர்தான் தீர்க்க வேண்டும். சமாதானம் சொல்லி அனுப்ப வேண்டாம். எனக்கு அந்தப் புயல் வேண்டும். நடுக்கடலிலே நீர் கலைய விட்டீரே, அதேதான். போய்த் தேடும். கலைந்த முகிலைக் கூட்டி அள்ளும். சின்னதாக இருந்தாலும் பரவாயில்லை. முருங்கை ஒன்று முறிந்தால் போதும். எப்படியாவது கட்டி இழுத்துக்கொண்டு வந்து, என் வீட்டு ஓட்டுக்கு மேலாலே அங்காலே தள்ளிவிடும். தள்ளிவிட்ட உடனே "அந்தப் பழைய புயல் கடந்து போய்விட்டது" என்று ஒரு குரல் போடும். கொஞ்சம் பலத்துச் சொல்லும் ஐயா. மெஷின் சத்தத்திலே அவளுக்குக் கேட்காது.